பெருச்சாளிப் பேரினம்

பெருச்சாளிப் பேரினம் (பாண்டிக்கோட்டா) என்பது கொறிணிகள் வரிசையில் எலிக் குடும்பத்தைச் சேர்ந்த ஒரு பேரினம் ஆகும். தெற்கு ஆசியாவிலும் தென்கிழக்கு ஆசியாவிலும் வெப்பமண்டலத் தாழ்நிலங்களில் இப்பேரினத்து விலங்குகள் வாழ்கின்றன. இதில் மூன்று இனங்கள் உள்ளன. அவற்றுள் பெரும்பெருச்சாளி, வரப்பெலி ஆகிய இரண்டும் தமிழ்நாட்டிலும் இலங்கையிலும் பரவலாகக் காணப்படுகின்றன. மூன்றாவதாகிய சாவில் பெருச்சாளி மியான்மரிலும் அதற்குக் கிழக்கிலும் மட்டுமே வாழ்கிறது. மூன்றும் ஈரமண்ணையும் நீர்க்கரையையும் நாடுபவை. நன்கு நீந்தக் கூடியவை. நெல், கரும்பு ஆகிய பயிர்களுக்கு இவற்றால் உண்டாகும் சேதம் பெரிது என்பதால், வேளாண் அறிவியலில் மிகுதியாக ஆராயப்பட்ட கொறிணிகளுள் இவையும் அடங்கும்.

பெயர்

பாண்டிக்கோட்டா என்னும் அறிவியல் பெயர், தெலுங்கில் இவ்விலங்குக்கு வழங்கும் பந்திகொக்கு என்னும் சொல்லின் திரிபு ஆகும். பந்தி என்றால் பன்றி. கொக்கு என்றால் எலி. தமிழில் கொக்கு ஒரு பறவை என்பதால் இச்சொல் தமிழ் வாசகரை ஒரு கணம் குழப்பக் கூடும். பன்றியெலி என்னும் பொருள் பொருத்தமானதே. பெருச்சாளி சினமுற்றால் முதுகு மயிரைச் சிலிர்த்துக்கொண்டு பன்றியைப் போல உறுமும். மண்ணைக் கிளறுவதிலும் பன்றிக்குச் சளைத்ததன்று.

ஆங்கிலேயர் இச்சொல்லைத் தென்னிந்தியாவிலிருந்து எடுத்துச் சென்று, ஆத்திரேலியாவில் கண்ட, வயிற்றில் பை கொண்ட வேறொரு விலங்குக்கும் இட்டுவிட்டனர். இன்று ஆங்கிலத்தில் பாண்டிக்கூட் என்றால் பலரும் அந்த ஆத்திரேலிய விலங்கையே கருதுகின்றனர். அதற்கும் பெருச்சாளிக்கும் எவ்வித உறவும் இல்லை.

தமிழில் பெருச்சாளி என்னும் பெயர் பெரும்பாலும் வீட்டருகே, சாக்கடையில், தோட்டத்தில் காணப்படும் பெரிய இனத்தையே குறிக்கும். வயலில் வாழும் சிறிய இனத்துக்கு வரப்பெலி, கரம்பை எலி, அகழெலி, அகழான் எனப் பல பெயர்கள் உள்ளன. அகழான் என்பது அகழ்தல் என்னும் வினையிலிருந்து பிறந்தது. இவ்வினத்தின் இயல்பை இதைவிடச் சுருக்கமாகச் சொல்லும் பெயர் அரிது. இக்கட்டுரையில் சிறிய இனம் வரப்பெலி என்றே குறிக்கப்படுகிறது.

விநாயகரின் ஊர்தியைச் சிலர் பெருச்சாளி என்றும் சிலர் மூஞ்சூறு என்றும் கூறுவர். இவ்விரண்டும் வெவ்வேறு வரிசைகளைச் சேர்ந்தவை. மூஞ்சூறு கொறிணியே அன்று; அது பூச்சிகளை உண்ணும் விலங்கு. அதன் நீண்ட கூரிய மூக்கும், கட்டுப்பாடற்று வீசும் நாற்றமும், வரிசையாக அமைந்த சிறு கூர்ப்பற்களும் அதனை எளிதில் வேறுபடுத்திக் காட்டும். பெருச்சாளியின் மூஞ்சி அகன்று மழுங்கியது. முன்பற்கள் உளி போன்றவை.

வகைப்பாடு

இப்பேரினத்தில் அறிவியல் முறைப்படி முதலில் விவரிக்கப்பட்டது பெரும்பெருச்சாளி ஆகும். செருமானிய இயற்கையியலாளர் பெக்சுட்டைன் 1800ஆம் ஆண்டில் இதற்குப் பெயரிட்டார். அவ்விவரிப்புக்கு மூலமான இடமாகப் பதிவாகியிருப்பது புதுச்சேரி. ஆகவே சீனாவின் தென்பகுதி வரை பரவியுள்ள ஓர் இனத்துக்கு அறிவியல் தந்த முகவரி தமிழ்நிலத்துக் கடற்கரை ஊர் ஒன்றாகும். வரப்பெலியைப் பிரித்தானிய விலங்கியலாளர் சான் எட்வர்டு கிரே 1830களில் விவரித்தார். பாண்டிக்கோட்டா என்னும் பேரினப் பெயரையும் அவரே 1873இல் அமைத்தார். சாவில் பெருச்சாளியை ஓல்டுபீல்டு தாமசு 1916இல் மியான்மரின் போப்பா மலையிலிருந்து கிடைத்த மாதிரியைக் கொண்டு விவரித்தார்.

வரப்பெலி நெடுநாள் இப்பேரினத்தில் வைக்கப்படவில்லை. தாமசு 1907இல் அதற்கெனக் குனோமிசு என்னும் தனிப் பேரினத்தை ஏற்படுத்தினார். பழைய வேளாண் நூல்களிலும் மாவட்ட விவரச் சுவடிகளிலும் இப்பெயரைக் காண்பவர்கள், அது இன்றைய பாண்டிக்கோட்டா பெங்காலென்சிசு என்பதை அறிந்துகொள்ள வேண்டும்.

இப்பேரினத்துக்கு மிக நெருங்கிய உறவு நெசோக்கியா என்னும் குறுவால் பெருச்சாளிப் பேரினம் ஆகும். அதன் ஓர் இனம் வடமேற்கு இந்தியாவிலிருந்து எகிப்து வரை பரவியுள்ளது. மற்றோர் இனம் ஈராக்கில் தைக்கிரீசு, யூபிரட்டீசு ஆறுகள் கூடும் இடத்துச் சதுப்புநிலத்திலிருந்து மட்டும் அறியப்பட்டது. நீரையும் சேற்றையும் சார்ந்து வாழும் போக்கு இந்த உறவுக் கூட்டத்தில் ஒரே ஒரு இனத்தோடு நின்றுவிடவில்லை என்பதை இது காட்டுகிறது.

மூன்று இனங்கள்

பெரும்பெருச்சாளி (பாண்டிக்கோட்டா இண்டிகா) இந்தியாவின் மிகப் பெரிய எலிகளுள் ஒன்று. தலையும் உடலும் சேர்ந்து 25 முதல் 35 சென்டிமீட்டர் வரை இருக்கும். வாலும் ஏறத்தாழ அதே நீளம். எடை பொதுவாக அரைக் கிலோகிராமுக்கு மேல். சில ஒரு கிலோகிராமையும் எட்டும். உடல் கருமை கலந்த பழுப்பு நிறம். முதுகின் பின்பகுதியில் நீண்ட கரிய முரட்டு மயிர்கள் வெளியே நீட்டிக்கொண்டிருக்கும். கிணற்றடி, சாக்கடை, குப்பைமேடு, தோட்டம், ஏரிக்கரை ஆகியவை இதன் இருப்பிடங்கள். தானியம், கிழங்கு, சமையற் கழிவு ஆகியவற்றோடு நத்தை, நண்டு போன்ற நீர்நிலை உயிர்களையும் உண்ணும். இந்தியா, இலங்கை தொடங்கித் தாய்லாந்து, வியட்நாம், தென்சீனா, தைவான் வரை இது வாழ்கிறது. தாய்லாந்திலும் மேக்கொங் ஆற்றுப் படுகையிலும் வயலில் பிடிக்கப்படும் பெருச்சாளி இறைச்சியாக விற்கப்படுகிறது.

வரப்பெலி (பாண்டிக்கோட்டா பெங்காலென்சிசு) இதனிற் சிறியது. உடல் நீளம் பெரும்பாலும் 25 சென்டிமீட்டருக்குள் அடங்கும். எடை 200 முதல் 400 கிராம். வால் உடலைவிடத் தெளிவாகக் குறுகியது. பாக்கித்தானிலிருந்து மியான்மர் வரை இதன் இயற்கையான பரப்பு. பினாங்குத் தீவு, கென்யாவின் மொம்பாசா முதலிய துறைமுகப் பகுதிகளுக்குக் கப்பல் வழியாகச் சென்று அங்கும் நிலைகொண்டுள்ளது.

சாவில் பெருச்சாளி உருவில் இவ்விரண்டுக்கும் இடைப்பட்டது. மியான்மர், தாய்லாந்து, கம்போடியா, வியட்நாம் ஆகிய நாடுகளின் வயல்களில் வாழ்கிறது. இந்தியாவில் இல்லை.

தமிழ்நாட்டு இனங்கள் இரண்டையும் பிரித்தறிவதில் ஒரு சிக்கல் உண்டு. வளர்ந்துவரும் இளம் பெரும்பெருச்சாளியும் முழு வளர்ச்சியடைந்த வரப்பெலியும் ஒரே அளவில், ஏறத்தாழ ஒரே நிறத்தில் இருக்கும். இந்நிலையில் நம்பத்தக்க அடையாளம் பின்பாதம் ஆகும். எலிகளின் பாதம் உடலுக்கு முன்பே வளர்ந்துவிடுகிறது. பின்பாதம் 4½ சென்டிமீட்டருக்கு மேல் இருந்தால் அது பெரும்பெருச்சாளியின் குட்டி. 4 சென்டிமீட்டர் அளவிலோ அதற்குக் குறைவாகவோ இருந்தால் பெரும்பாலும் வரப்பெலி.

நீரும் சேறும்

நீர்நாய் போன்றோ, தென் அமெரிக்காவின் நெக்டோமிசு என்னும் நீரெலிகள் போன்றோ பெருச்சாளிகள் முழுமையாக நீர்வாழ்வுக்கு ஏற்ப அமைந்தவை அல்ல. விரல்களுக்கிடையே நீந்துதற்குரிய சவ்வு இவற்றுக்கு இல்லை. வாலும் துடுப்பாக மாறவில்லை. ஆயினும் நீரைக் கண்டு அஞ்சுவதில்லை. வாய்க்காலைக் கடந்து மறுகரை வயலுக்குச் செல்வதும், துரத்தப்படும்போது நீரில் மூழ்கித் தப்புவதும் வரப்பெலிக்கு இயல்பானவை. ஆகவே பாதி நீர்வாழ்வு என்று கூறுவதைவிட, நீரின் விளிம்பில் வாழ்வது என்று கூறுவதே பொருந்தும்.

இத்திறன் எவ்வளவு தூரம் செல்லக்கூடும் என்பதை வங்காளதேசத்தின் ஆழ்நீர் நெல் வயல்கள் காட்டுகின்றன. அங்கே மழைக்காலத்தில் வயலில் ஆள் உயரத்துக்கும் மேல் நீர் நிற்கும். வரப்பு என்று ஒன்றும் வெளியே தெரியாது. அக்காலத்தில் வரப்பெலிகள் ஆகாயத்தாமரைத் திரள்களின் மீதும், தாம் கடித்துச் சேர்த்த நெற்றாள்களின் மீதும் மிதக்கும் கூடுகள் கட்டி வாழ்வதையும், நீந்திச் சென்று தாள்களை வெட்டுவதையும் ஆய்வாளர்கள் பதிவுசெய்துள்ளனர். நீர் வடிந்த பின் மீண்டும் மண்ணில் வளை தோண்டுகின்றன.

வறண்ட மண்ணில் இவை நன்கு வாழ்வதில்லை. வெப்பத்தையும் நீரின்மையையும் தாங்கும் ஆற்றல் வெள்ளெலிக்கு உள்ள அளவுக்கு வரப்பெலிக்கு இல்லை. இவ்வொரு வேறுபாடே ஒரு மாவட்டத்தின் எந்த ஊரில் எந்த எலி இருக்கும் என்பதைப் பெரும்பாலும் தீர்மானிக்கிறது.

வளை

வரப்பெலியின் வளையை அதன் வாயிலைக் கொண்டே அறியலாம். தோண்டிய மண் சிறு குவியலாக வெளியே கிடக்கும். எலி உள்ளே இருக்கும்போது வாயில் ஈரமண்ணால் அடைக்கப்பட்டிருக்கும். அடைப்பு புதிதாக இருந்தால் எலி உள்ளே இருக்கிறது என்று உழவர்கள் முடிவு செய்வர். வயல் நண்டின் வளையும் வரப்பில் காணப்படும். அது வட்டமான, திறந்த வாயில். சுற்றிலும் சேற்று உருண்டைகள் இருக்கும். இவ்விரண்டையும் குழப்பிக்கொண்டு நண்டு வளையில் நச்சுணவு வைப்பது வீண் செலவு.

உள்ளே சுரங்கம் பல கிளைகளாகப் பிரிகிறது. உறங்குவதற்கு வைக்கோல் பரப்பிய அறை ஒன்று, தானியம் சேர்க்க ஒன்றோ பலவோ அறைகள், இடர் நேர்ந்தால் தப்புவதற்கு மெல்லிய மண்மூடி கொண்ட வழிகள் ஆகியவை இருக்கும். தப்பும் வழியின் மேல் மண் விரலால் குத்தினால் உடையும் அளவே தடித்திருக்கும். மேலிருந்து பார்ப்பவருக்குப் புலப்படாது. வாயிலில் புகை போட்டுக் காத்திருப்பவர்கள் ஏமாறுவது இதனால்தான். பட்டறிவு மிக்க எலிபிடிப்போர் முதலில் இவ்வழிகளைத் தேடி மிதித்து அடைத்துவிட்டே புகை மூட்டுவர்.

வரப்பெலி பெரும்பாலும் தனித்து வாழும். ஒரு வளையில் வளர்ந்த எலி ஒன்றோ, குட்டிகளோடு தாயோ இருக்கும். தன் வளைக்குள் வேறு எலி நுழைந்தால் கடுமையாகப் போரிடும்.

தானியம் சேர்ப்பது இவ்வினத்தின் குறிப்பிடத்தக்க பழக்கம் ஆகும். நெற்கதிரைத் தாளோடு வெட்டி இழுத்துச் சென்று அறையில் அடுக்கும். அறுவடைக் காலத்தில் ஒரே வளையிலிருந்து ஒரு கிலோகிராமுக்கு மேற்பட்ட நெல் கிடைப்பதுண்டு. நிலமற்ற கூலிக் குடும்பங்கள் அறுவடைக்குப் பின் வரப்பைத் தோண்டி இந்நெல்லை எடுத்து உண்ட வழக்கம் தமிழ்நாட்டின் நெல் விளையும் பகுதிகளில் நெடுநாள் இருந்தது. எலி தின்றதைவிடச் சேர்த்து வைத்தது மிகுதி என்பது அவர்கள் அறிந்த உண்மை. சேதத்தைக் கணக்கிடும்போதும் இதுவே கவனிக்கத்தக்கது. தன் பசிக்குத் தேவையானதைப்போல் பலமடங்கு கதிர்களை வரப்பெலி வெட்டுகிறது.

இனப்பெருக்கம்

வரப்பெலியின் சூல்காலம் ஏறத்தாழ 23 நாட்கள். ஓர் ஈற்றில் சராசரியாக ஏழெட்டுக் குட்டிகள். பத்துக்கு மேலும் பிறப்பதுண்டு. ஈன்ற சில நாட்களுக்குள்ளேயே தாய் மீண்டும் கருவுறக் கூடும். குட்டிகள் ஏறத்தாழ மூன்று மாதத்தில் இனப்பெருக்கத்துக்குத் தயாராகின்றன. தானியக் கிடங்குகளில் உணவு ஆண்டு முழுவதும் குறைவின்றிக் கிடைப்பதால் இனப்பெருக்கமும் ஆண்டு முழுவதும் நடைபெறும். 1960களில் கொல்கத்தாவின் கிடங்குகளில் யுவான் சுபில்லெட்டு என்னும் ஆய்வாளர் இவ்வினத்தை விரிவாக ஆராய்ந்தார். மும்பையிலும் கொல்கத்தாவிலும் பழைய வீட்டெலியின் இடத்தை வரப்பெலி பெருமளவு பிடித்துக்கொண்டது அக்காலத்து ஆய்வுகளால் தெரியவந்தது.

வயலில் நிலை வேறு. அங்கே இனப்பெருக்கம் நெற்பயிரின் வளர்ச்சியோடு பிணைந்துள்ளது. பயிர் பொதிகட்டும் பருவத்தில் பெட்டைகள் கருவுறத் தொடங்குகின்றன. கதிர் முற்றும்போது குட்டிகள் வெளிவருகின்றன. அதாவது நடவு முடிந்த நாட்களில் வயலில் இருக்கும் எலிகள் எண்ணிக்கையில் குறைவு. உழவர் கண்ணில் சேதம் படும் நாளில் அவை பெருகிவிட்டிருக்கும்.

சேலம், நாமக்கல் சமவெளியில்

நாமக்கல் மாவட்டம் 1997 சனவரி 1 முதல் சேலம் மாவட்டத்திலிருந்து பிரிந்து இயங்குகிறது. இவ்விரு மாவட்டங்களின் சமவெளி இருவகை நிலங்களால் ஆனது. இராசிபுரம், சேந்தமங்கலம், திருச்செங்கோடு முதலிய பகுதிகளில் பெரும்பாலும் மானாவாரியும் கிணற்றுப் பாசனமும் கொண்ட மேட்டுநிலங்கள் உள்ளன. சோளம், நிலக்கடலை, மரவள்ளி ஆகியன விளைகின்றன. மேற்கிலும் தெற்கிலும் காவிரியை ஒட்டி ஒரு குறுகிய நன்செய்ப் பட்டை ஓடுகிறது. குமாரபாளையம், பள்ளிபாளையம், பரமத்தி வேலூர், மோகனூர் ஆகிய ஊர்கள் இதில் அடங்கும். நெல், கரும்பு, வாழை, வெற்றிலை, கோரை ஆகியன இங்கே பயிராகின்றன.

மேட்டுநிலத்துக் கொல்லைகளில் தோண்டினால் கிடைப்பது பெரும்பாலும் வெள்ளெலி. அது நீண்ட வாலின் நுனியில் மயிர்க்கற்றை கொண்ட, வெளிர்நிற விலங்கு; வேறு பேரினத்தைச் சேர்ந்தது; கொங்கு நாட்டில் பலர் அதனை வேட்டையாடி உண்பர். ஆற்றோர வாய்க்கால் கரைகளில் தோண்டினால் கிடைப்பது வரப்பெலி. ஓரிரு மணி நேர நடைத் தொலைவுக்குள் இம்மாற்றம் நிகழ்கிறது. எனவே இப்பகுதியில் பெருச்சாளிப் பேரினத்தின் பரவலை, மனிதர் நீரை எங்கெங்கே கொண்டு சென்றனர் என்பதன் வரலாறாகவும் படிக்கலாம்.

அவ்வரலாறு நீண்டது. சேடர்பாளையத்தில் காவிரியிலிருந்து பிரியும் இராசவாய்க்காலும் அதனைச் சார்ந்த குமாரபாளையம், பொய்யேரி, மோகனூர் வாய்க்கால்களும் பழமையானவை. வெற்றிலைக் கொடிக்காலும் வாழையும் கரும்பும் அவற்றின் கரைகளில் ஆண்டு முழுவதும் நிழலும் ஈரமும் தருகின்றன. நெல் அறுத்த பின் இடம் பெயரும் எலிகளுக்குக் கரும்புத் தோட்டம் புகலிடமாகிறது. சாய்ந்த கரும்பின் அடிக்கணுக்களை அவை கொறிக்கின்றன. கரும்பும் நெல்லும் அடுத்தடுத்து இருக்கும் ஊரில் எலி ஒருபோதும் முற்றாக நீங்குவதில்லை.

மேட்டூர் அணை 1934இல் கட்டி முடிக்கப்பட்டது. அதன் கிழக்குக்கரை, மேற்குக்கரை வாய்க்கால்கள் 1950களில் பாசனத்துக்கு வந்தன. இவை சேலம், நாமக்கல், ஈரோடு மாவட்டங்களில் 45,000 ஏக்கர் நிலத்துக்கு நீர் தருகின்றன. வழக்கமாக ஆகத்து 1 முதல் திசம்பர் 15 வரை, 137 நாட்கள் நீர் திறக்கப்படும். அணையில் நீர் குறைந்த ஆண்டுகளில் திறப்பு தள்ளிப்போகும். அதுவரை புன்செய்யாகக் கிடந்த நிலம் இவ்வாறு ஆண்டில் நான்கரை மாதம் சேற்றுநிலமாயிற்று. நீர் வந்ததும் வயல் நடுவில் இருந்த எலிகள் வரப்புக்கும் வாய்க்கால் கரைக்கும் ஏறுகின்றன. நெல் கதிர்விடும் காலமும் எலி ஈனும் காலமும் ஒன்றாக, வாய்க்கால் நீர் நிற்பதற்கு முந்தைய வாரங்களில் வந்து சேர்கின்றன.

கதிரை இழப்பது சேதத்தின் ஒரு பகுதி மட்டுமே. வளைகளால் துளைக்கப்பட்ட வரப்பு நீரை நிறுத்துவதில்லை. மாலையில் கட்டிய நீர் இரவோடு இரவாகக் கீழ்வயலுக்கு வடிந்துவிடும். நாட்கணக்கில் அளந்து நீர் வரும் வாய்க்காலின் கடைமடையில் நிலம் வைத்திருப்பவருக்கு இது கதிர் இழப்பைவிடக் கொடியது. வாய்க்கால் கரையிலேயே வளைகள் பெருகினால் கரை உடைப்பும் நேரும்.

மேட்டுநிலத்தில் மரவள்ளிக் கிழங்கையும் பெருச்சாளிகள் விட்டுவைப்பதில்லை. கிணற்றுப் பாசனம் உள்ள இடங்களில் செடியின் அடியில் மண்ணைத் தோண்டிக் கிழங்கைத் தின்கின்றன. செடி வாடும்வரை மேலே ஒன்றும் தெரியாது. சேலம் சவ்வரிசி ஆலைகளுக்குக் கிழங்கு விற்கும் உழவர்கள் பிடுங்கும் நாளில்தான் இழப்பை அறிகின்றனர். நாமக்கல்லின் கோழிப் பண்ணைகளில் தீவனமும் முட்டையும் சிந்திய நீரும் ஒருங்கே கிடைப்பதால் அங்கும் இவை தங்குகின்றன. தரையடியில் தோண்டுவதால் கட்டடமும் பழுதாகும். தென்னையில் இளநீரைத் துளைக்கும் எலி மட்டும் இப்பேரினத்தைச் சேர்ந்ததன்று. அது மரமேறும் வீட்டெலி. பெருச்சாளிகள் மரம் ஏறுவதில் திறமையற்றவை. தென்னைச் சேதத்துக்காக வரப்பில் எலிமருந்து வைப்பதால் பயனில்லை. அங்கே மரத்தைச் சுற்றித் தகரப்பட்டை அடிப்பதே வழி.

கட்டுப்பாடு

நெற்பயிர் தூர்கட்டும் பருவத்தில் எலி சில தூர்களை வெட்டினால் பயிர் புதிய தூர்களை விட்டு இழப்பை ஓரளவு ஈடுசெய்துகொள்ளும். பொதிகட்டிய பின் வெட்டப்பட்ட தூருக்கு ஈடு இல்லை. எலியின் இனப்பெருக்கமும் அப்பருவத்திலேயே தொடங்குவதால், நடவுக்கு முன்பும் நடவு முடிந்த முதல் சில வாரங்களிலும் செய்யப்படும் கட்டுப்பாடே பயன் தருகிறது. நடைமுறையில் பெரும்பாலும் இதற்கு மாறாகவே நடக்கிறது. வெட்டிய கதிரைக் கண்ட பின் மருந்து வாங்கப்படுகிறது. அப்போது வயல் நிறையத் தானியம் இருக்க, எலி நச்சுணவை நாடுவதும் குறைவு.

மற்றொரு காரணம் தனித்து வாழும் இயல்பு. ஒரு வளையின் எலி இறந்தால் அவ்வளை நெடுநாள் காலியாக இருப்பதில்லை. பக்கத்து வயலின் இளம் எலி சில வாரங்களுக்குள் குடியேறும். ஆகவே ஓர் உழவர் தம் ஒரு ஏக்கரில் மட்டும் எலியை ஒழிக்க முடியாது. ஒரே வாய்க்காலில் பாசனம் பெறும் உழவர்கள் சேர்ந்து, ஒரே வாரத்தில் செயல்பட்டால்தான் பலன் நிலைக்கும். இதனை வேளாண் துறையினர் பல்லாண்டுகளாகக் கூறிவருகின்றனர். நிலம் துண்டு துண்டாக இருக்கும் ஊர்களில் நடைமுறைப்படுத்துவது எளிதன்று.

வரப்பைக் குறுகலாக அமைப்பதும் களை இன்றி வைத்திருப்பதும் செலவற்ற முறைகள். அகன்ற, புல் மூடிய வரப்பே வரப்பெலி விரும்பும் இடம். பொறிகளுள் தஞ்சாவூர்க் கிட்டி எனப்படும் மூங்கில் வில்பொறி பெயர் பெற்றது. வளைவாயில் அருகே எலியின் தடத்தில் வைத்தால், இரையைத் தொடும்போது வில் விடுபட்டு எலியின் கழுத்தை நெரிக்கும். நச்சு எதுவும் தேவையில்லை என்பதும், பிடிபட்ட எலியை எண்ணிப் பார்க்க முடிவதும் இதன் சிறப்புகள்.

நச்சுகளுள் துத்தநாகப் பாசுபைடு விரைவில் கொல்வது. ஒரு முறை சிறிது தின்று உயிர் பிழைத்த எலி மீண்டும் அதைத் தொடாது. இதனை நச்சுணவு அச்சம் என்பர். அதனால் முதல் சில நாட்கள் மருந்தில்லாத தானியத்தை வைத்துப் பழக்கிய பின்னரே நச்சு கலக்கப்படும். புரோமடையலோன் குருதி உறைவதைத் தடுத்து, சில நாட்கள் கழித்துக் கொல்வது. அதனால் எலி ஐயுறுவதில்லை. ஆனால் அவ்விடைவெளியில் தளர்ந்து திரியும் எலியைக் கூகையோ கீரியோ உண்டால் அதற்கும் தீங்கு நேரலாம். கூகை, சாரைப்பாம்பு, நாகம், கீரி, காட்டுப்பூனை ஆகியவை வரப்பெலியின் இயற்கைப் பகைகள். வயலில் குச்சிகளால் இருக்கைகள் நட்டால் இரவில் கூகைகள் வந்து அமர்ந்து வேட்டையாடும். இம்முறை தமிழ்நாட்டில் பரிந்துரைக்கப்படுகிறது.

கடைகளில் விற்கப்பட்டு வந்த மஞ்சள் பாசுபரசு எலிப்பசையைப் பற்றித் தனியே கூற வேண்டும். இது கல்லீரலைச் சிதைப்பது, முறிமருந்து அற்றது. தமிழ்நாட்டில் இதனால் எலிகளோடு மனித உயிர்களும் பெருந்தொகையில் இழக்கப்பட்டன. மருத்துவர்களின் தொடர்ந்த முறையீடுகளுக்குப் பின் தமிழ்நாடு அரசு 2022ஆம் ஆண்டின் இறுதியில் இதனைத் தடை செய்யும் ஆணையைப் பிறப்பித்தது.

இந்தியாவில் எலிக் கட்டுப்பாட்டு ஆய்வுகளை ஒருங்கிணைக்க இந்திய வேளாண் ஆராய்ச்சிக் கழகம் 1977இல் ஒரு திட்டத்தைத் தொடங்கியது. சோத்துப்பூரில் உள்ள நடுவண் வறள்நில ஆய்வு நிறுவனம் அதன் தலைமையிடம் ஆயிற்று.

நோய்கள்

எலிக்காய்ச்சல் எனப்படும் இலெப்டோசுபைரா நோயின் கிருமியைப் பெருச்சாளிகள் சிறுநீரகத்தில் தாங்கி, சிறுநீர் வழியே வெளியிடுகின்றன. கிருமி ஈரமண்ணிலும் தேங்கிய நீரிலும் வாரக்கணக்கில் உயிரோடிருக்கும். தோலின் வெடிப்பு, புண் வழியாக உடலில் புகும். எலி எங்கே சிறுநீர் கழிக்கிறதோ அதே சேற்றில் வெறுங்காலுடன் நின்று நாற்று நடுபவர்களும், வரப்பு வெட்டுபவர்களும், நகரத்தில் சாக்கடை தூய்மை செய்பவர்களும் இந்நோய்க்கு முதலில் ஆளாகின்றனர். காய்ச்சல், கடுமையான தசைவலி, கண் சிவத்தல் ஆகியவற்றோடு தொடங்கும் இந்நோய் முற்றினால் மஞ்சள் காமாலையும் சிறுநீரகச் செயலிழப்பும் உண்டாகும். தொடக்கத்திலேயே மருத்துவரிடம் சென்று, வயலில் வேலை செய்ததைக் கூறினால் நோயைக் கண்டறிவது எளிதாகும். உயிர்க்கொல்லி எதிர்ப்பு மருந்துகளால் குணமாகக் கூடியது.

தாய்லாந்தில் பெரும்பெருச்சாளியிலிருந்து ஆண்டா வகைத் தீநுண்மம் ஒன்று பிரித்தெடுக்கப்பட்டது; அதற்கு அந்நாட்டின் பெயரே இடப்பட்டுள்ளது. இதே வகையில் வேலூர் அருகே 1964இல் பிரித்தெடுக்கப்பட்ட தொட்டப்பாளையம் தீநுண்மம் மூஞ்சூறிலிருந்து கிடைத்தது. பெருச்சாளியையும் மூஞ்சூறையும் ஒன்றாகக் கருதும் வழக்கத்தால் சில தமிழ் நூல்களில் இவ்விரு செய்திகளும் கலந்துவிடக் கூடும், இரண்டும் வெவ்வேறு.

பாதுகாப்பு நிலை

பன்னாட்டு இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியம் மூன்று இனங்களையும் தீவாய்ப்புக் குறைந்தவை என வகைப்படுத்தியுள்ளது. இந்தியக் காட்டுயிர்ப் பாதுகாப்புச் சட்டம், 1972இன் ஐந்தாம் அட்டவணையில் எலிகள் தீங்குயிர்களாக வைக்கப்பட்டிருந்தன. 2022ஆம் ஆண்டுத் திருத்தத்தால் அவ்வட்டவணையே நீக்கப்பட்டது. எனினும் எலிகள் பாதுகாக்கப்பட்ட உயிர்களின் பட்டியலில் சேர்க்கப்படவில்லை. அவற்றை உண்டு வாழும் சாரைப்பாம்பும் கூகையும் அதே சட்டத்தால் பாதுகாக்கப்படுபவை. அவற்றைக் கொல்வது தண்டனைக்குரிய குற்றம் ஆகும்.